வோகிங் மடோனாவிடமிருந்து வந்ததா? ஹார்லெமிலிருந்து தொடங்குவோம்

கேள்வி இதுதான்: "வோகிங் என்ற நடனம் மடோனாவின் பாட்டிலிருந்து வந்ததா? பத்திரிகை மாடல் மாதிரி போஸ் கொடுப்பதை எப்படி நடனம் என்று சொல்கிறார்கள்? வெளியாட்களான நாம் இதைக் கற்றுக்கொண்டு ஆடலாமா?"

முதல் கேள்விக்கு ஒரே சொல்லில் பதில் சொல்லிவிடலாம். இல்லை. மடோனாவின் 'வோக்' வெளியானது 1990 மார்ச் மாதம். 1970-களிலிருந்தே நியூயார்க்கின் கறுப்பின, லத்தீன் தன்பாலீர்ப்பு ஆண்களும் திருநங்கைகளும் வோகிங்கை ஆடிக்கொண்டிருந்தார்கள். மடோனாவின் வீடியோவில் அவரோடு ஆடிய ஹோசே குட்டியரெஸ், லூயிஸ் கமாச்சோ இருவருமே 'எக்ஸ்ட்ராவகன்சா' என்ற ஹவுஸை, அதாவது இந்த ஆட்டக்காரர்கள் தாங்களே அமைத்துக்கொண்ட ஒரு குடும்பத்தைச் சேர்ந்த பிள்ளைகள். அந்தக் கைகள் எங்கே பழகின என்று தேடிப் போனால் நியூயார்க்கின் கறுப்பினப் பகுதியான ஹார்லெம் வந்துவிடும்.

இரண்டாவது கேள்விதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. ஒருவர் அசையாமல் நிற்பது எப்படி நடனமாகும்? அதைச் சொல்ல, ஆட்டத்துக்கு முன்னால் அது நடக்கும் அறையைப் பற்றிச் சொல்ல வேண்டும். அந்த அறையின் பெயர் பால்ரூம். ஜோடி ஜோடியாகக் கைகோத்து ஆடும் ஐரோப்பிய நடனத்தை மனதில் வைத்துக்கொள்ளாதீர்கள், இது வேறு. இங்கே 'பால்' என்றால் இரவு முழுக்க நடக்கும் போட்டி விழா. அலங்காரம், நடை, முகம், ஆட்டம் என்று பல பிரிவுகள். ஒரு மேசைக்குப் பின்னால் நடுவர்கள். தமிழில் எழுதினால் ஆண்பால் பெண்பாலில் வரும் 'பால்' மாதிரியே தெரியும். தற்செயல்தான், ஆனாலும் அந்த அறைக்கு இதைவிடப் பொருத்தமான எழுத்து கிடைக்காது.

இந்தக் கதை முழுவதையும் நான் நடுவர் மேசை வழியாகத்தான் புரிந்துகொள்கிறேன். யார் யாரைப் பார்த்து மதிப்பெண் போடுகிறார்கள் என்பதுதான் ஆரம்பத்திலிருந்தே சண்டை.

ஹார்லெமில் ஹாமில்டன் லாட்ஜ் என்ற கறுப்பினச் சகோதர சங்கம் 1869-லிருந்து முகமூடி நடன விழாக்கள் நடத்தியது. காலம் போகப் போக, ஆண்கள் பெண் உடையிலும் பெண்கள் ஆண் உடையிலும் வந்து போட்டியிடுவது அதன் பெரிய ஈர்ப்பாகிவிட்டது. 1920-களில் ராக்லேண்ட் பேலஸ் என்ற மண்டபத்தில் ஆயிரக்கணக்கான பேர் கூடினார்கள். கவிஞர் லாங்ஸ்டன் ஹியூஸ் போய்ப் பார்த்திருக்கிறார். ஹார்லெமின் பெரிய மனிதர்களும் நகரத்தின் வெள்ளைக்காரப் பணக்காரர்களும் மாடத்தில் உட்கார்ந்து கீழே ஆடுபவர்களைப் பார்ப்பது அன்றைய நாகரிகமாக இருந்தது என்று தன் வாழ்க்கை நினைவுகளில் எழுதியிருக்கிறார். மேலே உட்கார்ந்து பார்ப்பவர்கள், கீழே பார்க்கப்படுபவர்கள். இந்த ஏற்பாட்டை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

இதற்கும் முன்னோடி உண்டு. வில்லியம் டோர்சி ஸ்வான் மேரிலேண்டில் அடிமையாகப் பிறந்தவர். 1880-களில் வாஷிங்டன் நகரத்தில், அவரைப் போலவே அடிமைத்தனத்திலிருந்து வெளியே வந்த ஆண்கள் பலரைச் சேர்த்துக்கொண்டு, பட்டும் சாட்டினும் உடுத்தி ரகசியமாக நடன விருந்துகள் நடத்தினார். 1888 ஏப்ரலில் போலீஸ் உள்ளே நுழைந்தபோது அவர் ஓடவில்லை, எதிர்த்து நின்றார். 1896-ல் பொய்க் குற்றச்சாட்டில் பத்து மாதச் சிறைத் தண்டனை கிடைத்தது. தனக்கு மன்னிப்பு வேண்டும் என்று ஜனாதிபதி குரோவர் கிளீவ்லேண்டுக்கே மனுப் போட்டார். கிடைக்கவில்லை. ஆனால் இப்படிக் கூடுவதற்கு எங்களுக்கு உரிமை இருக்கிறது என்று அந்தக் காலத்தில் ஒரு மனிதர் அரசாங்கத்திடம் எழுதிக் கேட்டார் என்பதே எனக்கு நெஞ்சை நிறைக்கிற விஷயம்.

சரி, 1967-க்கு வருவோம். நியூயார்க்கில் ஆண்கள் பெண் வேடமிட்டுப் பங்கேற்கும் ஓர் அழகிப் போட்டி. நடுவர்களில் ஓவியர் ஆண்டி வார்ஹோலும் ஒருவர். வெற்றி பெற்றவர் பிலடெல்பியாவிலிருந்து வந்த ஹார்லோ என்ற இளம் வெள்ளையர். போட்டியில் தோற்றவர்களில் கிறிஸ்டல் லாபெய்ஜா என்ற கறுப்பினக் கலைஞரும் இருந்தார். அப்படிப்பட்ட போட்டிகளில் கறுப்பினத்தவர் ஜெயிப்பது அரிது. ஜெயிக்க ஆசைப்பட்டால் பவுடர் பூசி முகத்தை வெளுக்க வைக்க வேண்டும் என்பது சொல்லப்படாத விதி. கிறிஸ்டல் மேடையிலிருந்து இறங்கி நடந்து போய்விட்டார். அப்புறம் மேடைக்குப் பின்னால் கேமரா ஓட ஓட, முடிவு முன்கூட்டியே தீர்மானிக்கப்பட்டது என்று வெடித்தார். அந்தக் காட்சி 1968-ல் வந்த 'தி குவீன்' ஆவணப்படத்தில் இருக்கிறது. கோபத்திலும் அவருடைய தலை நிமிர்ந்தே இருக்கிறது. தான் அழகு என்று தனக்குத் தெரியும், அதற்கு யாருடைய சான்றிதழும் வேண்டாம் என்கிற தோரணை. பின்னால் வரப்போகும் வோகிங்கின் முதல் போஸ் அதுதான் என்று எனக்குத் தோன்றுவதுண்டு.

சில ஆண்டுகள் கழித்து லாட்டி என்ற ஹார்லெம் கலைஞர், கறுப்பினத்தவருக்கென்றே ஒரு பால் நடத்தலாம் என்று கிறிஸ்டலிடம் யோசனை சொன்னார். 1972-ல் ஹார்லெமின் 115-வது தெருவில் இருந்த ஒரு கிளப்பில் அந்த விழா நடந்தது. நடத்துவது யார் என்று விளம்பரத்தில் போட ஒரு பெயர் தேவைப்பட்டது. 'ஹவுஸ் ஆஃப் லாபெய்ஜா' என்று வைத்தார்கள். கிறிஸ்டல் அதன் அம்மா. இப்படித்தான் ஹவுஸ் முறை பிறந்தது. இனி மதிப்பெண் போடுவது நம் ஆட்களே.

ஹவுஸ் என்ற சொல்லில் இரண்டு அர்த்தங்கள் ஒன்றாகப் பின்னியிருக்கின்றன. ஒன்று, பாரிஸின் உடை நிறுவனங்கள். டியோர், சாங் லோரான், பலென்சியாகா என்று பின்னால் வந்த பல ஹவுஸ்கள் அந்தப் பெயர்களையே எடுத்துக்கொண்டன. அந்தக் கடைகளின் வாசலில்கூட வரவேற்பு கிடைக்காதவர்கள் அந்தப் பெயரைத் தங்கள் குடும்பப் பெயராக்கிக்கொண்டார்கள். இன்னொன்று, நேரடியான பொருள்: வீடு. நம் பிள்ளை இப்படி என்று தெரிந்ததும் பெற்றோர் வெளியே தள்ளிய பதினைந்து பதினாறு வயதுப் பிள்ளைகள் அப்போது நியூயார்க் தெருக்களில் நிறையப் பேர். மேற்குக் கரையோரம் கிறிஸ்டோபர் தெருவின் படகுத்துறைகளில்தான் அவர்களில் பலருக்குப் பொழுது விடியும். ஹவுஸின் அம்மாவோ அப்பாவோ அப்படி ஒரு பிள்ளையைக் கூட்டிக்கொண்டு வந்து சோறு போடுவார், தைக்கச் சொல்லிக் கொடுப்பார், நடக்கச் சொல்லிக் கொடுப்பார், போதை ஊசி விஷயத்தில் கவனம் என்று கண்டிப்பார். பிள்ளை அந்த ஹவுஸின் பெயரைத் தன் பெயரோடு சேர்த்துக்கொள்ளும். பெப்பர் லாபெய்ஜா, ஏவிஸ் பெண்டாவிஸ், டோரியன் கோரி, ஏஞ்சி எக்ஸ்ட்ராவகன்சா எல்லோரும் இப்படி அம்மாக்களாக இருந்தவர்கள். இதில் எக்ஸ்ட்ராவகன்சா 1982-ல் தொடங்கியது. அதுவரை பெரும்பாலும் கறுப்பினத்தவரே இருந்த பால்ரூமில், லத்தீன் பிள்ளைகளுக்கென்று முதலில் எழுந்த பெரிய ஹவுஸ் அது. அந்த ஹவுஸின் அம்மாவான ஏஞ்சிக்கு அப்போது இருபது வயதுகூட ஆகவில்லை.

இந்த அறைக்குள்தான் வோகிங் பிறந்தது, அல்லது இதன் பக்கத்து கிளப்புகளில். பிறந்த கதை ஒன்று திரும்பத் திரும்பச் சொல்லப்படுகிறது. மன்ஹாட்டனில் ஃபுட்ஸ்டெப்ஸ் என்ற, நள்ளிரவுக்கு மேல் திறக்கும் கிளப். பாரிஸ் டுப்ரீ என்பவர் ஆடிக்கொண்டிருக்கிறார். அவர் பையில் 'வோக்' என்ற ஃபேஷன் பத்திரிகை. திடீரென்று அதை எடுத்து ஒரு பக்கத்தைத் திறக்கிறார். அங்கே ஒரு மாடல் எப்படி நிற்கிறாரோ, அப்படியே தாளத்தின் மேல் நிற்கிறார். அடுத்த பக்கம், அடுத்த போஸ், அதுவும் தாளத்தில். இன்னொருவர் எதிரே வந்து அதற்குப் பதில் போஸ் போடுகிறார். பாரிஸ் அவருக்கு முன்னால் போய் அதைவிடப் பெரிதாக ஒன்று. பக்கத்திலிருந்து பார்த்தவர்கள் புரிந்துகொண்டார்கள், இது சண்டை என்று. கொஞ்ச நாளில் அது பால்களுக்கு வந்து சேர்ந்தது. வேறொரு கதையும் உண்டு. நியூயார்க்கின் ரைக்கர்ஸ் தீவுச் சிறையில் அடைபட்டிருந்த கறுப்பினத் தன்பாலீர்ப்பு ஆண்கள் ஒருவரை ஒருவர் வம்புக்கிழுக்க இப்படி போஸ் கொடுத்துப் போட்டி போட்டார்களாம். இரண்டில் எது உண்மை என்று தேர்ந்தெடுக்க வேண்டியதில்லை. இரண்டிலும் பொதுவாக இருப்பதைப் பாருங்கள்: கை படாத சண்டை.

இரண்டாவது கேள்விக்கு என் பதில் இங்கேதான் இருக்கிறது. போஸ் தனியாக நடனம் ஆகாது. தாளம், எதிராளி, நடுவர் மூன்றும் சேரும்போது ஆகிறது. ஒரு போஸிலிருந்து அடுத்ததற்குப் போகும் வழி தாளத்துக்குள் இருக்க வேண்டும். நிற்கும் அந்த நொடி சரியாக அடியில் விழ வேண்டும். நின்ற நிலை எதிரில் இருப்பவருக்கு ஒரு வாக்கியமாகப் போய்ச் சேர வேண்டும். பால்ரூமில் 'ரீடிங்' என்று ஒரு கலை உண்டு. எதிராளியின் குறையைக் கண்டுபிடித்துச் சொல்லால் பிய்த்து எடுப்பது. அதிலிருந்து வந்தது 'ஷேட்'. டோரியன் கோரி அதை மிக அழகாக விளக்கியிருக்கிறார்: நீ அசிங்கமாக இருக்கிறாய் என்று நான் சொல்லமாட்டேன், சொல்லத் தேவையில்லை, உனக்கே தெரியும் என்கிற பாவனை. அந்த ஷேட் உடம்பில் இறங்கினால் வோகிங்.

வோகிங் கலைஞர் வில்லி நிஞ்சா இதைச் செய்யும் விதத்தைப் பார்க்க வேண்டும். கையில் ஒன்றும் இருக்காது. ஆனால் விரல்களால் ஒரு கைக்கண்ணாடிப் பெட்டியைத் திறப்பார். பவுடர் எடுத்துக் கன்னத்தில் ஒற்றுவார், கண்ணுக்கு மை தீட்டுவார், உதட்டைச் சரிசெய்வார். எல்லாம் தாளத்தில். கடைசியில் அந்த இல்லாத கண்ணாடியை எதிராளியின் முகத்துக்கு நேராகத் திருப்பிக் காட்டுவார். உனக்குத்தான் இது அவசரமாகத் தேவை என்று அர்த்தம். ஒரு சொல் பேசவில்லை, மண்டபமே எழுந்து நின்று கத்தும்.

வில்லி 1961-ல் பிறந்தவர், குயின்ஸ் பகுதியில் வளர்ந்தவர். அவருடைய ஆட்டத்தில் தற்காப்புக் கலை இருக்கும், ஜிம்னாஸ்டிக்ஸ் இருக்கும், எகிப்தியச் சுவர்ச் சித்திரங்களின் கோணங்கள் இருக்கும், ஹாலிவுட் நடனக் கலைஞர் ஃப்ரெட் அஸ்டேரின் நளினம் இருக்கும். அவர் ஆடியது இன்று 'பழைய முறை' என்று சொல்லப்படுகிறது. அதற்கு முன்னால் அந்தப் பாணிக்கு 'பாப், டிப், ஸ்பின்' என்று பெயர் இருந்தது. கோடுகள், கோணங்கள், சமச்சீர், வெட்டிவைத்த மாதிரி நிறுத்தம். அடுத்து 1980-களின் கடைசியில் 'புதிய முறை' வந்தது. தோள் மூட்டே இல்லாததுபோல் கைகளைத் தலைக்குப் பின்னால் சுழற்றுவது, மணிக்கட்டையும் முழங்கையையும் வைத்து காற்றில் பெட்டி கட்டுவது, உடம்பை வளைத்து மடிப்பது. அதில் திறமை அதிகம், ஆனால் என் கண்ணுக்குப் பழைய முறையின் அமைதிதான் இன்னும் பெரிது.

இன்று நீங்கள் வீடியோக்களில் பெரும்பாலும் பார்ப்பது மூன்றாவது வகை, 'வோக் ஃபெம்'. 1990-களில் உருவானது. ஃபெம் குவீன் என்று பால்ரூம் அழைக்கும் திருநங்கைகளின் நடையும் நளினமும்தான் இதற்கு ஊற்று. இதற்கு ஐந்து கூறுகள் உண்டு. கைகள் கதை சொல்ல வேண்டும். கேட்வாக்கில் ஒரு காலுக்கு முன் இன்னொரு கால் நேர்கோட்டில் விழ, இடுப்பு மிகைப்பட வேண்டும். டக்வாக்கில் குந்தி உட்கார்ந்தபடி, பாதத்தின் முன்பகுதியில் துள்ளி, கால்களை மாற்றி மாற்றி முன்னே வீச வேண்டும். அப்புறம் சுழற்சியும் டிப்பும். கடைசியாகத் தரையில் ஆடுவது. இவற்றுள் டிப்தான் எல்லோரையும் வாய்பிளக்க வைப்பது: ஒரு கால் உடம்புக்குக் கீழே மடங்க, மறுகால் நீண்டு நிற்க, முதுகு தரையில் போய் விழும். தொலைக்காட்சியில் இதை 'டெத் டிராப்' என்று சொல்லிப் பிரபலமாக்கிவிட்டார்கள். பால்ரூம்காரர்களுக்கு அந்தப் பெயர் பிடிக்காது. இதன் பெயர் டிப். அந்தச் சொல்லையாவது சரியாகச் சொல்வது நாம் காட்டக்கூடிய மிகச் சிறிய மரியாதை.

டிப் எங்கே விழ வேண்டும் என்பதை இசைதான் சொல்கிறது. ஆரம்ப காலத்தில் பிலடெல்பியாவின் எம்எஃப்எஸ்பி குழுவின் 'லவ் இஸ் தி மெசேஜ்' போன்ற டிஸ்கோ பாட்டுகளுக்கு ஆடினார்கள். 1991-ல் மாஸ்டர்ஸ் அட் வொர்க் என்ற இரட்டையர் 'தி ஹா டான்ஸ்' என்ற இசைத்தட்டை வெளியிட்டார்கள். அதில் ஒவ்வொரு நான்காவது அடியிலும் ஒரு பெரிய மோதல் சத்தம், 'ஹா' என்று. பால்ரூம் அதை 'கிராஷ்' என்று அழைத்து, வோக் ஃபெம்மையே அதன் மேல் கட்டிவிட்டது. அதன்பின் பால்ரூமுக்கென்றே இசையமைப்பவர்கள் அந்த 'ஹா'வை வெட்டி ஒட்டி நூற்றுக்கணக்கான வடிவங்கள் செய்திருக்கிறார்கள். ஒன்று, இரண்டு, மூன்று, ஹா. அந்த 'ஹா'வில் முதுகு தரையில் இருக்க வேண்டும். அரை நொடி தள்ளிப்போனால் அது வெறும் கீழே விழுதல். இதன் மேல் மைக் பிடித்த வர்ணனையாளர் ஒருவர் ஓயாமல் தாளச் சொற்களைக் கொட்டிக்கொண்டே இருப்பார். ஆடுபவரின் பெயரை, ஹவுஸை, கையை, காலை எல்லாம் சந்தத்தில் சேர்த்து ஏற்றிவிடுவார். ஆடுபவர் அவரைத் தூண்டுவார், அவர் ஆடுபவரைத் தூண்டுவார்.

போட்டி நடக்கும் முறையும் எளிது, கடுமை. பிரிவின் பெயரைச் சொல்லி அழைத்ததும் ஒவ்வொருவராக வந்து நடுவர் குழுவுக்கு முன்னால் காட்ட வேண்டும். எல்லா நடுவரும் பத்து என்ற அட்டையைத் தூக்கினால் அடுத்த சுற்றுக்குப் போகலாம். ஒரே ஒருவர் 'சாப்' என்று கையை வெட்டினாலும் வெளியே போக வேண்டியதுதான். பத்து வாங்கியவர்கள் இருவர் இருவராக மோதுவார்கள். கடைசியில் ஆளுயரக் கோப்பை, சில சமயம் பணம். ஆண்டுக்கணக்கில் ஜெயித்தவர்களுக்கு 'லெஜண்ட்' பட்டம், அதற்கும் மேலே 'ஐகான்'. இந்தப் பட்டத்தை யாரும் தனக்குத்தானே சூட்டிக்கொள்ள முடியாது, அந்தச் சமூகம் கொடுக்க வேண்டும்.

ஆட்டத்தைப் பற்றி இவ்வளவு சொல்லிவிட்டு 'ரியல்னெஸ்' பிரிவைச் சொல்லாமல் விட்டால் பாதிதான் சொன்னதாகும். இதில் ஆடத் தேவையில்லை. ஒரு கம்பெனி அதிகாரியாக, கல்லூரி மாணவனாக, ராணுவ வீரனாக, ஒரு சாதாரணப் பெண்ணாக, பார்ப்பவருக்குத் துளியும் சந்தேகம் வராதபடி தோன்ற வேண்டும். நடுவர்கள் நூல் பிடித்துப் பார்ப்பார்கள். விளையாட்டு மாதிரி தெரியும். ஆனால் விடிந்ததும் அந்தப் பிள்ளை சப்வே ரயிலில் ஏறி வீட்டுக்குப் போக வேண்டும். அடையாளம் தெரிந்தால் அடி, சில சமயம் உயிர். ரத்தம் சிந்தாமல் வீடு போய்ச் சேருவதற்கான பயிற்சி அது. வீனஸ் எக்ஸ்ட்ராவகன்சா என்ற மெலிந்த திருநங்கை, தனக்கு என்றோ ஒரு கல்யாணமும் ஒரு வீடும் வேண்டும் என்று கேமரா முன்னால் ஆசையோடு பேசியவர், 1988 டிசம்பரில் கொலை செய்யப்பட்டார். வயது 23. கொன்றவர் பிடிபடவில்லை.

அந்தக் கேமரா ஜென்னி லிவிங்ஸ்டனுடையது. 'பாரிஸ் இஸ் பர்னிங்' என்ற அந்த ஆவணப்படம் 1990-ல் வந்தது, 1991-ல் சண்டான்ஸ் திரைப்பட விழாவில் பெரிய பரிசு வாங்கியது. பாரிஸ் டுப்ரீ நடத்திய பாலின் பெயரைத்தான் படத்துக்கு வைத்தார்கள். இன்று இந்தப் பண்பாட்டைப் பற்றி யாராவது எதாவது அறிந்திருந்தால் பெரும்பாலும் இந்தப் படத்தினால்தான். நான் மேலே சொன்ன பலருடைய குரலும் அதில்தான் பதிவாகியிருக்கிறது. அதே சமயம் அதன் மேல் நியாயமான கோபமும் உண்டு. படம் நன்றாக ஓடியபின், அதில் தோன்றிய 13 பேருக்குச் சேர்த்து ஏறக்குறைய 55,000 டாலர் பகிர்ந்து கொடுக்கப்பட்டது. கறுப்பினச் சிந்தனையாளர் பெல் ஹூக்ஸ், ஒரு வெள்ளைக்கார இயக்குநர் தான் நிற்கும் இடத்தைக் காட்டாமலே இவர்களைப் பார்க்கிறார் என்று விமர்சித்தார். மாடத்தில் உட்கார்ந்தவர்களும் கீழே ஆடுபவர்களும் என்ற பழைய ஏற்பாடு மறுபடி வந்துவிட்டது என்பதுதான் அந்தக் குற்றச்சாட்டு என்று நான் படிக்கிறேன். படம் எடுத்தது தவறு என்று எனக்குத் தோன்றவில்லை. எடுக்காமல் விட்டிருந்தால் வீனஸின் குரல் நம்மிடம் இருந்திருக்காது. ஆனால் பணத்தில் அவர்களுக்குக் கிடைத்தது போதாது.

மடோனா விஷயத்திலும் இப்படித்தான், ஒற்றை வரியில் தீர்ப்புச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஹோசேவையும் லூயிஸையும் உலகம் முழுக்கத் தன் மேடையில் ஏற்றினார். எய்ட்ஸ் பற்றிப் பேசப் பலர் பயந்த காலத்தில் பேசினார். ஆனால் அந்தப் பாட்டின் நடுவில் ஒரு பெயர்ப் பட்டியல் வரும், கவனித்திருப்பீர்கள். கிரேட்டா கார்போ, மர்லின் மன்றோ என்று கிட்டத்தட்ட அத்தனையும் பழைய ஹாலிவுட்டின் புகழ்ப் பெயர்கள். ஹார்லெமிலிருந்து ஒரு பெயர்கூட இல்லை. பாரிஸ் என்றோ வில்லி என்றோ ஒரே ஒரு சொல் சேர்த்திருந்தால், இன்று இந்தக் கேள்வியையே யாரும் கேட்டிருக்க மாட்டார்கள்.

அந்த ஆண்டுகளில் பால்ரூமுக்குள் நடந்துகொண்டிருந்தது புகழ் அல்ல, சாவு. எய்ட்ஸ் ஹவுஸ்களைக் காலி செய்துகொண்டிருந்தது. 1989 மே மாதம் ரோஸ்லேண்ட் அரங்கில் விழா அமைப்பாளர் சுசான் பார்ட்ஷ் 'லவ் பால்' என்ற நிதி திரட்டும் விழாவை நடத்தினார். ஃபேஷன் உலகத்துப் பெரும்புள்ளிகள் நடுவர்களாக உட்கார, ஹார்லெம் பிள்ளைகள் வந்து ஆடினார்கள். ஜிஎம்எச்சி என்ற எய்ட்ஸ் சேவை அமைப்பு இன்னும் புத்திசாலித்தனமான ஒன்றைச் செய்தது. துண்டுப் பிரசுரம் கொடுத்தால் படிக்கமாட்டார்கள் என்று புரிந்துகொண்டு, தானே 'ஹவுஸ் ஆஃப் லேடெக்ஸ்' என்று ஒரு ஹவுஸ் ஆகிவிட்டது. அது நடத்தும் லேடெக்ஸ் பால் பின்னர் நியூயார்க்கின் மிகப் பெரிய பால்களில் ஒன்றாக வளர்ந்தது. வாசலிலேயே எச்ஐவி பரிசோதனை, கையில் ஆணுறை. ஆனாலும் இழப்பு நிற்கவில்லை. ஏஞ்சி 1993-ல் போனார், வயது 28. வில்லி நிஞ்சா 2006 செப்டம்பரில், 45 வயதில். எழுபது வயதில் உட்கார்ந்து இளம்பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்திருக்க வேண்டிய ஒரு தலைமுறை இப்படிக் காணாமல் போனது. இன்றைய பால்களில் ஐகான்கள் வரும்போது கூட்டம் எழுந்து நின்று கத்துவதைப் பார்க்கும்போதெல்லாம், அந்தச் சத்தத்தில் உயிரோடு மிஞ்சியதற்கான நன்றியும் இருக்கிறது என்று நினைத்துக்கொள்வேன்.

வில்லிக்கு ஓர் ஆசை இருந்தது. வோகிங்கை உண்மையான பாரிஸ் நகரத்துக்குக் கொண்டுபோக வேண்டும் என்று 'பாரிஸ் இஸ் பர்னிங்' படத்தில் சொல்வார். அவர் காலத்திலேயே ஐரோப்பிய மேடைகளிலும் ஜப்பானிலும் ஆடினார், ஃபேஷன் மாடல்களுக்கு நடை சொல்லிக்கொடுத்தார். ஆனால் ஆட்டம் மட்டும் போனால் போதாது, அறையும் போக வேண்டும் அல்லவா? அது 2010-களில் நடந்தது. லாசாந்திரா நிஞ்சா, வில்லியின் ஹவுஸ் பெயரையே சுமக்கும் ஃபிரெஞ்சு கயானா வேரைக் கொண்ட திருநங்கை. நியூயார்க்கில் கற்றுக்கொண்டு பாரிஸுக்குத் திரும்பி, தோழி ஸ்டெஃபியோடு சேர்ந்து அங்கே பால்கள் நடத்தத் தொடங்கினார். கரீபியத் தீவுகளிலிருந்தும் ஆப்பிரிக்காவிலிருந்தும் வந்த குடும்பங்களின் பிள்ளைகள் அங்கே அம்மாக்களைக் கண்டுபிடித்தார்கள். நியூயார்க்குக்கு வெளியே உள்ள மிக உயிர்ப்பான பால்ரூம்களில் ஒன்று இன்று பாரிஸ்தான்.

நியூயார்க்கிலும் காலம் மாறியிருக்கிறது. பிராங்ஸில் வளர்ந்த லியோமி மல்டொனாடோ என்ற திருநங்கை 2009-ல் ஒரு தொலைக்காட்சி நடனப் போட்டியில் ஆடி வோக் ஃபெம்மை வீட்டுக்கு வீடு கொண்டுபோனார். 2018-ல் தொடங்கிய, பால்ரூம் பற்றிய 'போஸ்' என்ற தொலைக்காட்சித் தொடரில் திருநங்கை பாத்திரங்களைத் திருநங்கைகளே நடித்தார்கள். பெரிய பால்களின் செலவும் கெடுபிடியும் தாங்காத சின்ன வயதுப் பிள்ளைகளுக்கென்று 'கிக்கி' பால்ரூம் தனியாக வளர்ந்திருக்கிறது.

ஆனால் வெளியே தெருவில்? 2023 ஜூலை 29, புரூக்ளினில் ஒரு பெட்ரோல் பங்க். ஓஷே சிப்லி என்ற 28 வயது நடனக் கலைஞர், நண்பர்களோடு பெட்ரோல் போட நின்றவர், காரில் ஓடிய பியான்சே பாட்டுக்கு வோக் ஆடினார். சிலர் வந்து அதை நிறுத்தச் சொல்லி இழிவாகப் பேசினார்கள். வாக்குவாதம் முற்றி, அவர் கத்தியால் குத்திக் கொல்லப்பட்டார். சில நாள் கழித்து நூற்றுக்கணக்கானோர் அதே பெட்ரோல் பங்கில் கூடி, அதே இடத்தில் வோக் ஆடினார்கள். அந்தக் காணொளியில் ஒருவர் சிமெண்ட் தரையில் டிப் போடுகிறார். இது நடனமா என்ற கேள்வியை அதைப் பார்த்தபின் என்னால் பழையபடி கேட்க முடியவில்லை.

சரி, கடைசிக் கேள்வி. வெளியாட்கள் கற்றுக்கொள்ளலாமா? கற்றுக்கொள்ளலாம். பால்ரூம் ஆசிரியர்களே உலகெங்கும் போய் வகுப்பு எடுக்கிறார்கள், நல்ல மாணவர்களை மதிக்கிறார்கள். கற்றுக்கொடுப்பவர் எந்த ஹவுஸ், யாரிடம் கற்றார் என்று முதலில் கேளுங்கள். சரியான ஆசிரியர் அந்தக் கேள்வியில் சந்தோஷப்படுவார். வகுப்பில் கற்றுக்கொண்ட உடனே ஒரு ஹவுஸ் பெயரை உங்கள் பெயரோடு ஒட்டிக்கொள்ளாதீர்கள், அது கொடுக்கப்பட வேண்டியது. மேடை நிகழ்ச்சிக்கு எடுத்து ஆடினால் எங்கிருந்து வந்தது என்று அறிவிப்பில் சொல்லிவிடுங்கள்.

பயிற்சிக்கு, முதல் மாதம் டிப் பக்கமே போகாதீர்கள். தவறாக விழுந்தால் முழங்காலும் பின்மண்டையும் போய்விடும். கைகளிலிருந்து ஆரம்பியுங்கள். சுவரைப் பார்த்து நின்று, மணிக்கட்டை மட்டும் எட்டு எண்ணிக்கைக்குச் சுழற்றுங்கள். பிறகு 'தி ஹா டான்ஸ்' போட்டுவிட்டு, ஆடாமல், அந்த நான்காவது அடியில் கை தட்டிக்கொண்டே ஒரு முழுப் பாட்டையும் கேளுங்கள். அது உடம்பில் ஏறியபின் கேட்வாக், அப்புறம் தொடை வலுவானபின் டக்வாக். எப்போதாவது ஒரு பாலில் நடக்கும் வாய்ப்புக் கிடைத்து முதல் சுற்றிலேயே 'சாப்' வாங்கினால், நடுவர் மேசைக்கு ஒரு வணக்கம் வைத்துவிட்டு ஓரமாக வந்து நில்லுங்கள். விடியும்வரை இருங்கள். ஃபெம் குவீன் பெர்ஃபார்மன்ஸ் பிரிவை அழைக்கும்போது முன்வரிசையில் இடம் பிடித்துக்கொள்ளுங்கள்.